கோடி கொண்டு வந்தவன்

உள்ள வா பிள்ளே. செருப்பு கிடக்கட்டும், இது என்ன கோயிலா. அந்த நாற்காலிக்கு ஒரு கால் ஆட்டம், இதுல உக்காரு. பேர் என்ன சொன்ன? ஜெர்லின். மாப்பிள்ளைக்குத் தங்கச்சி. ஊர் தக்கலைப் பக்கம். தாத்தா நாட்டு வைத்தியர். எல்லாம் எனக்கு முன்னாலயே தெரியும். யாரும் வந்து சொல்லல, தண்ணிக் குழாயில நிக்கும்போது காதுல விழுந்துச்சு. என் தம்பி மகளுக்குக் கல்யாணம்னு நான் குழாயடியிலதான் தெரிஞ்சுக்கிட்டேன். அவ்வளவுதான் எங்க உறவு.

உன்னை மட்டும் உள்ள அனுப்பிட்டு அவன் முக்குல நிக்கான், அப்படித்தானே? ஜன்னல்ல எட்டிப் பாரு. ஐஸ் கம்பெனிச் சுவரை ஒட்டி, வெள்ளைச் சட்டை. அதான் என் தம்பி கஸ்பார். உனக்கு மதினியா வரப்போறவளோட அப்பா. வெயில்ல நிக்கான். நிக்கட்டும். அவன் இந்த நடையை மிதிச்சு முப்பது வருஷம் ஆகப்போகுது.

காப்பி போட்டிருக்கேன், குடி. பத்திரிகையை அந்த மேசையில வை. அது என்ன, இன்னொரு பை? பட்டா? எடு, பாப்போம். அரக்குக் கலர். கரையைப் பாரேன், கை அகலத்துக்கு! "அத்தைக்கு எடுத்தது"ன்னு சொல்லிக் கொடுத்தானா? அவன் வாயாலயா?

சிரிக்காம என்ன செய்ய? கடைசியில பட்டு எடுத்துட்டான் பாத்தியா.

உனக்கு ஒண்ணும் புரியாது. அந்த வீட்டோட சம்பந்தம் பண்ணப்போற, தெரிஞ்சு வச்சுக்கோ. உங்க பக்கம் கோடி போடுற வழக்கம் உண்டா? எங்க பக்கம் புருஷன் செத்துட்டா, பொண்டாட்டிக்குப் பிறந்த வீட்டுலேருந்து வெள்ளைச் சேலை வரும். கூடப்பிறந்தவன்தான் கொண்டு வரணும். அவன் கையால அவ தோள்ல போடணும். அதுக்குப் பேர் கோடி. அது விழுந்த பிறகுதான் அவ தாலியைக் கழட்டுவா. என் தம்பி எனக்குன்னு ஒரு கோடி எடுத்து வச்சிருக்கான். வருஷா வருஷம் கல்லறைத் திருநாள் அன்னைக்கு அதை ஒரு பையில போட்டுக்கிட்டு, இந்தா, இதே சுவரோரம்தான் வந்து நிப்பான். நான் ஜன்னலைச் சாத்திருவேன். கொஞ்ச நேரம் நின்னுட்டுப் போயிருவான். அடுத்த வருஷம் மறுபடி. அதே பை, அதே சேலை.

இந்த வருஷம் வெள்ளை இல்ல. பட்டு. ஏன் தெரியுமா? மகளுக்குக் கல்யாணம். முதல் நாள் பொண்ணுக்குப் பூ வைக்கணும். எங்கள்ல அதை அப்பாவோட கூடப்பிறந்தவதான் வைப்பா. சமையலுக்கு ஆள் பிடிக்கலாம், பந்தலுக்கு ஆள் பிடிக்கலாம், அத்தைக்கு எங்க போவான்? அவனுக்கு இருக்கிறது நான் ஒருத்தி. அதுவும் தாலியோட இருக்கிறவதான் பூ வைக்கலாம். இந்தா, பாத்துக்கோ. என் தாலி என் கழுத்துலதான் இருக்கு. அவன் கோடியை நான் வாங்கியிருந்தா இன்னைக்கு அவன் மகளுக்குப் பூ வைக்க நாதி இல்ல. அவனும் அதை ஒத்துக்கிட்டு வந்துட்டான்.

வருவேனாவா? தெரியல. நான் சொல்றதைக் கேட்டுட்டு அதை நீயே சொல்லு.

எங்க வீட்டுக்காரர் பேர் தொபியாஸ். சலேத் மாதா தோணில மாலுமி. தோணின்னா நீ நினைக்கிற மாதிரி சின்னது இல்ல, பாய்மரம் வச்ச மரக்கப்பல். இங்கேருந்து வெங்காயமும் மிளகாயும் கூரை ஓடும் ஏத்திக்கிட்டுக் கொழும்புக்குப் போகும். திரும்பி வரும்போது பழைய இரும்பு. ஒரு நடை போனா வாரக்கணக்குல ஆகும். வந்தா வீட்டுல நாலு நாள். அந்த நாலு நாளுக்கு நான் வாசலுக்கும் அடுப்படிக்கும் நடக்கிற நடை இருக்கே!

நல்ல மனுஷன்தான். முதல்ல. குடிப்பார், இல்லன்னு சொல்லல. எந்தத் தோணிக்காரன் குடிக்கல? ஆனா கை நீட்டினதில்ல. வரும்போதே தெருமுக்குல சத்தம் கேக்கும், "இஞ்ஞாசி, உலை வச்சாச்சா?" நெத்திலி அவியல்னா உயிரு. சாளைக் குழம்புன்னா சட்டியை வழிச்சிருவார்.

பிள்ளை இல்ல. அதுதான் ஒரு குறை. குறைன்னா அது பொம்பளைக்குத்தானே. நான் குடிக்காத மருந்தா? எந்தெந்த ஊர் வைத்தியர்கிட்டயோ போய், இலையை அரைச்சுக் குடி, வேரைக் காய்ச்சிக் குடின்னு, மீனைத் தள்ளிப் புளியைத் தள்ளி, பாயைத் தனியாப் போட்டு... உனக்குச் சொல்லணுமா, வைத்தியர் வீட்டுப் பிள்ளை. வாயெல்லாம் கசந்து போகும். மாமியார் மட்டும் ஒரு நாள் தவறாம கேப்பா, "இந்த மாசமும் இல்லையாட்டி?" கடைசியில ஆஸ்பத்திரிக்கும் போனேன். அந்த டாக்டரம்மா என்னைச் சோதிச்சுப் பாத்துட்டு, "உங்கிட்ட ஒரு குறையும் இல்லம்மா, அடுத்த தடவை வீட்டுக்காரரைக் கூட்டிட்டு வா"ன்னா. எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்ல. என்ன பேச்சு இது? ஆம்பிளையைக் கூட்டிட்டு வந்து என்ன செய்யப்போறா? பெறப்போறது அவரா?

அந்தப் பேச்சை நான் வீட்டுல மூச்சு விடல. ஒரே ஒரு தடவை விட்டேன். ஏதோ சண்டை, அவர் அம்மாவுக்குப் பரிஞ்சு பேசினார். நான் கோபத்துல, "குறை எங்கிட்ட இல்லையாம், டாக்டரே சொல்லிட்டா, உங்களைத்தான் கூட்டிட்டு வரச் சொன்னா"ன்னு போட்டு உடைச்சேன். அவர் கையில பிசைஞ்ச சோறு அப்படியே இருந்துச்சு. எழுந்து கையைக் கழுவிட்டுப் போயிட்டார்.

அதுக்கு அடுத்த நடையிலேருந்துதான் ஆள் மாறிட்டார். அதுக்கு அடுத்த நடையிலேருந்து. நான் நல்லா யோசிச்சுப் பாத்துட்டேன், அதுதான் ஆரம்பம். மனசு வெறுத்துப்போச்சு போல. வெறுத்த ஆம்பிளை என்ன செய்வான்? வேற வாசல் தேடுவான்.

அமலோற்பவம்தான் வந்து சொன்னா. அடுத்த வீட்டுக்காரி, இப்ப இல்ல, செத்துட்டா. அவ புருஷன் வேற தோணில கொழும்பு போய் வருவான். "ஏட்டி இஞ்ஞாசி, ஒண்ணு சொன்னா வருத்தப்படாத. உன் வீட்டுக்காரரு கொழும்புல கொச்சிக்கடைப் பக்கம் ஒரு வீட்டுக்குப் போறாராம். ஒவ்வொரு நடையும். வாசல்ல ஒரு சிங்களத்தி நிக்காளாம். இவரு போனதும் உள்ள கூட்டிட்டுப் போய்க் கதவைச் சாத்திருவாளாம்." வயசு என்ன இருக்கும்னு கேட்டேன். "வயசானவதான், ஆனா லெச்சணமா இருக்காளாம்"னா. வயசானவளாம்! அதைச் சொல்லி எனக்கு ஆறுதல் வேற.

அன்னைக்கு நான் கண்ணைத் திறந்தேன். அதுக்கு முன்னால கண்ணுல பட்டதெல்லாம் அதுக்குப் பிறகுதான் விளங்குச்சு. கேட்டுக்கோ. அவர் பெட்டியில துணிக்கு அடியில ஒரு குப்பி. உள்ள கறுப்பா எண்ணெய் மாதிரி. மோந்து பாத்தா குடலைப் புரட்டுது. அந்த ஊர்ச் சரக்குன்னு நினைச்சேன், இல்ல வசிய மருந்தோ என்னமோ. வீட்டுக்கு வந்தா நெத்திலி வேண்டாம். சாளை வேண்டாம். "வயிறு சரியில்லட்டி, கஞ்சி ஊத்து போதும்." மீன் பிடிக்கிற சாதியில பிறந்து மீன் வேண்டாம்னா என்ன அர்த்தம்? வேற ஒருத்தி கைச்சோறு பழகிப்போச்சுன்னு அர்த்தம். ரசத்துல புளி வாசனை வந்தாக்கூடத் தட்டைத் தள்ளிருவார். படுக்கை மொட்டைமாடியில. "உள்ள புழுக்கமா இருக்கு"ம்பார். மார்கழி மாசம் பிள்ளே, என்ன புழுக்கம்?

இதெல்லாத்தையும் விடு. சாராயத்தை விட்டுட்டார். நான் கல்யாணமான நாளா அழுது, மாதா கோயில்ல முட்டி போட்டு, சண்டை போட்டு, ஒண்ணுக்கும் மசியாத மனுஷன். அவ ஒருத்தி என்ன சொன்னாளோ, ஒரே நடையில விட்டுட்டார். எனக்காக விடாததை அவளுக்காக விட்டார். இதைவிட ஒரு பொண்டாட்டிக்கு வேற சாட்சி வேணுமா?

ஆனா நான் அவசரப்படல. கண்ணால பாத்த ஒருத்தர் வேணும்னு நினைச்சேன். நம்ம ஆளா இருக்கணும், பொய் சொல்லக்கூடாது. கஸ்பார் அப்ப இன்னொரு தோணில வேலை பாத்தான். கல்யாணம் ஆகல. என்மேல உசுரா இருப்பான். அம்மா செத்த பிறகு நான்தானே வளத்தேன். அவனைக் கூப்பிட்டு, "ஒரே ஒரு நடை சலேத் மாதால போய்ட்டு வா தம்பி. அத்தான் எங்க போறாரு, என்ன செய்றாருன்னு பாத்துட்டு வந்து சொல்லு. வேற ஒண்ணும் வேண்டாம்"னு சொன்னேன்.

அவன் முடியாதுன்னான். எங்க கடற்கரையில ஒரு வழக்கம் உண்டு. ஒரு பொண்ணோட புருஷனும் கூடப்பிறந்தவனும் ஒரே தோணில ஏறமாட்டாங்க. கோடிதான் காரணம். தோணிக்கு ஒண்ணு ஆகி ரெண்டு பேரும் போய்ட்டா அவளுக்குக் கோடி போட யார் இருக்கா? அதனால ஏறமாட்டாங்க. "அக்கா, அது ஆகாதுக்கா. தண்டலும் விடமாட்டாரு." தண்டல்னா தோணிக்குத் தலைவர். லொஞ்சின் தண்டல், கறாரான ஆளு.

நான் என்ன அவன் கழுத்துல கத்தியா வச்சேன்? அழுதேன். ரெண்டு நாள் சாப்பிடல. அவ்வளவுதான். தண்டல் பொண்டாட்டிகிட்ட நானே போய்ப் பேசினேன், கஸ்பாருக்கு இருந்த வேலை போயிருச்சு, வேற வழியில்லன்னு சொன்னேன். தண்டல் முணுமுணுத்துக்கிட்டே, "ஏல, மாமன் மச்சினன் ரெண்டு பேரும் என் தோணிலயா? ஒரு நடைதான், பிறகு நீ வேற தோணியைப் பாத்துக்க"ன்னு சேத்துக்கிட்டார்.

எங்க வீட்டுக்காரருக்குப் பிடிக்கல. "வேண்டாம்ட்டி இஞ்ஞாசி. வழக்கம்னு ஒண்ணு இருக்குல்லா"ன்னார். நான் கேட்டேன், "உங்களுக்கு வழக்கத்துக்குப் பயமா, இல்ல கூட ஒரு கண்ணு வரப்போகுதுன்னு பயமா?" என்னை ஒரு பார்வை பாத்தார். ஒண்ணும் சொல்லல. குத்தமில்லாத மனுஷன்னா சொல்லியிருப்பார்லா? அன்னைக்குச் சாளைக் குழம்பு வச்சுத் தூக்குச்சட்டியில ஊத்திக் கொடுத்தேன், பாப்போம்னு. வாங்கினார். வாசலைத் தாண்டுறதுக்குள்ள கஸ்பார் கையில கொடுத்துட்டார். என் கண்ணு முன்னாலயே.

போற நடை நல்லாத்தான் போச்சு. திரும்பி வரும்போதுதான்.

இதை எனக்குச் சொன்னது சூசை. தோணில சமையல் அவன்தான். ஏழாம் நாள் பூசைக்கு வந்து, அந்தா அந்த மூலையில உக்காந்து சொன்னான். பழைய இரும்பு ஏத்தி வந்த தோணி. பாரம். நடுக்கடல்ல காத்து பிடிச்சிருச்சு. பாயை இறக்குறதுக்குள்ள பாய்மரம் முறிஞ்சு, அடிப்பலகை இணைப்பு விட்டுருச்சு. வாளி வாளியா இறைச்சிருக்காங்க. இரும்பைத் தூக்கித் தூக்கிக் கடல்ல எறிஞ்சிருக்காங்க, கையெல்லாம் கிழிஞ்சு. சூசை மாதா சுரூபத்தை எடுத்து வேட்டியால வயித்தோட கட்டிக்கிட்டானாம். ஒண்ணும் நிக்கல. தோணியோட ஒரு சின்ன வள்ளம் இருக்கும், கரைக்குப் போய் வர. அதுல அந்தக் கடலுக்கு ஆறு பேரை ஏத்தலாம். இருந்தது எட்டுப் பேர்.

தண்டல் இறங்கமாட்டார், அது அவர் கடமை. மிச்சம் ஏழு. ஒருத்தன் நிக்கணும். தண்டல் சொல்லியிருக்கார், "பிள்ளைக்காரன் முதல்ல இறங்குல." அது தோணி வழக்கமாம். பிள்ளை இருக்கிறவன் எல்லாம் இறங்கிட்டான். பிள்ளை இல்லாம நின்னது ரெண்டே பேர். எங்க வீட்டுக்காரரும் கஸ்பாரும். பாத்தியா, பிள்ளை இல்லங்கிறது எங்க வந்து நிக்குதுன்னு.

அங்க ரெண்டு பேருக்கும் சண்டையாம். தண்ணி முழங்காலுக்கு மேல நிக்குது, அங்க நின்னு சண்டை. எங்க வீட்டுக்காரர், "மாப்ள, நீ இறங்கு. உங்க அக்காவுக்குக் கோடி போட ஒரு ஆள் கரைக்குப் போகணும்லா"ன்னிருக்கார். அதுக்கு இவன், "நீங்க போனா அக்காவுக்குக் கோடியே வேண்டாமே அத்தான்! நீங்க போங்க"ன்னிருக்கான். இதைச் சொல்லும்போது சூசை அழுதுக்கிட்டே சிரிச்சான். எங்க வீட்டுக்காரரும் சிரிச்சாராம். "ஏல, நீ இனிமேதான் கட்டணும், பெறணும். எனக்கு அது இல்ல. போ"ன்னாராம். எனக்கு அது இல்லன்னா என்ன அர்த்தம்? என்கூட வாழ அவருக்கு இஷ்டமில்லன்னுதானே? சாகப்போற நேரத்துலகூட அதைச் சொல்லிட்டுத்தான் போயிருக்கார்.

கஸ்பாரைத் தூக்கி வள்ளத்துல போட்டாராம். இவன் திரும்பத் தண்ணில குதிச்சு நீந்தித் தோணிக்கே வந்தானாம். மறுபடியும் முடியைப் பிடிச்சுத் தூக்கிப் போட்டாராம். மறுபடியும் குதிச்சானாம். அப்புறம் வள்ளத்துல இருந்தவங்க இவனைக் கயித்தால கட்டிப் போட்டாங்களாம். சொல்லுவாங்க. பிழைச்சு வந்தவங்க எல்லாம் ஒண்ணு சேந்து சொல்ற கதை. கட்டின தடம் இருந்துச்சு, அது உண்மை. ரெண்டு கையிலயும் இருந்துச்சு. கடைசியா எங்க வீட்டுக்காரர் வள்ளத்தைப் பாத்துக் கத்தினாராம், "மாப்ள, அவ கேப்பா! சத்தியத்தை மறந்துராத!" இவன் "மறக்கமாட்டேன் அத்தான்"னு கத்தினானாம். அது எல்லாருக்கும் கேட்டிருக்கு.

எதைக் கேப்பேன்னு அவருக்கே தெரிஞ்சிருக்கு பாரு.

அவங்களை இன்னொரு தோணிக்காரங்க கண்டு கரை சேத்தாங்க. கஸ்பாரை ரெண்டு பேர் கைத்தாங்கலா இங்க கொண்டு வந்து, நீ உக்காந்திருக்க பாரு, அந்த இடத்துலதான் உக்கார வச்சாங்க. உதடெல்லாம் வெடிச்சு, முகம் ஊதி, ஆளே தெரியல. தெருவே கூடி நிக்குது. பொம்பளைங்க அழுறாங்க. அவன் என்னைப் பாத்து "அக்கா"ன்னான்.

நான் கேட்டேன். "அந்த வீட்டுக்குப் போனாரா?"

என்ன பாக்குற? ஆமா, அதைத்தான் முதல்ல கேட்டேன். வேற என்ன கேக்க? அவர் வரலன்னு வந்து இறங்கினவங்க முகத்துலயே தெரிஞ்சுபோச்சு. அதுக்குத்தானே அவனை அனுப்பினேன், பாத்துட்டு வரத்தானே அனுப்பினேன். மூழ்கவா அனுப்பினேன்? இந்தத் தெருவுல இன்னைக்கும் பேசுறாங்க, வழக்கத்தை மீறினது இஞ்ஞாசிதான்னு. காத்து அடிச்சது என்னாலயா? இரும்பை நானா ஏத்தினேன்?

அவன் என்னை நிமிந்து பாத்தான். அப்புறம் சொன்னான், "போனாரு."

"நீ கூடப் போனியா?"

"போனேன்."

"உள்ள?"

"உள்ளதான்."

"யாரு அவ?"

தலையைக் குனிஞ்சுக்கிட்டான். "அதை மட்டும் கேக்காதக்கா. அத்தான் சத்தியம் வாங்கியிருக்காரு."

அன்னைக்குக் கேட்டேன். மறுநாள் கேட்டேன். அடிச்சுக் கேட்டேன். அந்த வெடிச்ச முகத்துல அறைஞ்சே கேட்டேன். பிள்ளே, நான் வளத்த பிள்ளை அவன். வாயைத் திறக்கல. என் புருஷனோட கள்ளத்தனத்தை எனக்கு எதிரா அவன் காப்பாத்துறான். செத்தவனுக்குச் செஞ்ச சத்தியம் பெருசா, உசுரோட இருக்கிற அக்கா பெருசா? "அவ நல்ல பொம்பளைக்கா, நீ நினைக்கிற மாதிரி இல்ல"ன்னு ஒரு நாள் சொன்னான். அவளுக்கு நற்சாட்சிப் பத்திரம் வேற! அன்னைக்கு வெளிய போகச் சொன்னவதான்.

பிறகு ஒரு நாள் கோடியோட வந்தான். நான் அதை வாங்கித் தெருவுல எறிஞ்சேன். உடலைப் பாத்தேனா? இல்ல. செத்தார்னு எனக்கு யார் சொன்னா? உண்மையைச் சொல்லாத வாய் சொன்னா நம்பணுமா? அவ வீட்டுலயே தங்கிட்டார்னு ஏன் இருக்கக்கூடாது? சூசை பாத்தானாம். சூசையும் இவனோட வள்ளத்துல வந்தவன்தானே. அவன் குனிஞ்சு சேலையை எடுத்து மண்ணைத் தட்டி மடிச்சுப் பையில வச்சுக்கிட்டான். "நீ எப்ப சொல்றியோ அப்ப கொண்டு வாரேன்"னுட்டுப் போனான். நான் சொல்லல. ஆனாலும் வருஷா வருஷம் வந்து நிக்கான்.

பிறகு கட்டினான். பெத்தான். மகளுக்கு என் பேரைத்தான் வச்சிருக்கான், தெரியும்லா உனக்கு? பத்திரிகையில போட்டிருக்கே, இக்னேசியான்னு. பேர் வச்சுட்டா எல்லாம் சரியாப்போச்சா?

இதான் கதை. இப்ப நீ சொல்லு, நான் அவன் வீட்டுக்கு வந்து பூ வைக்கணுமா? யோசிச்சா வைக்கலாம்னுதான் தோணுது. எல்லாரும் பாக்க, இந்தப் பட்டைக் கட்டிக்கிட்டு, தாலியோட. அவன் தோத்ததை ஊர் பாக்கட்டும்.

என்ன முழிக்கிற? வந்ததுலேருந்து நீ வாயே திறக்கல. இந்தக் காலத்துல இப்படி ஒரு பிள்ளையா? ஏதோ சொல்ல வாயெடுத்து முழுங்குற. சொல்லு. சும்மா சொல்லு.

என்ன? சத்தமாச் சொல்லு.

உப்பா? அவர் உப்பு சேத்துக்கிட்டாரான்னா கேக்குற? இது என்ன கேள்வி, இவ்வளவு பெரிய கதையைக் கேட்டுட்டு.

இல்ல. சேத்துக்கல. "கஞ்சில உப்பு போடாதட்டி"ம்பார். உப்பளத்து ஊர்ல உப்பு வேண்டாங்கிற மனுஷனைப் பாத்திருக்கியா நீ? மறந்தே போனேன் பாரு அதை. நான் ஒரு நாள் வேணும்னே ஒரு சிட்டிகை போட்டுக் கொடுத்தேன். ஒரு வாய் வச்சுட்டு அப்படியே கீழ வச்சிட்டார், கோபப்படக்கூட இல்ல, முகம் மட்டும் ஏதோ பாழாப்போன மாதிரி... உனக்கு எப்படித் தெரியும்?

உங்க தாத்தாவா?

மீனும் புளியும் எல்லா மருந்துக்கும்தான் தள்ளுவாங்க, அது எனக்கும் தெரியும். நான் இருக்காத பத்தியமா. உப்பு தள்ளுறது எதுக்கு?

யாருக்கு?

பிள்ளை வேணும்னு ஆம்பிளைங்க வருவாங்களா மருந்துக்கு? உங்க தாத்தாகிட்ட? நிஜமாவா சொல்ற. கல்யாணமான ஆம்பிளைங்களா. முன்வாசல்ல வரமாட்டாங்களா. வந்ததும் கதவைச் சாத்தச் சொல்லுவாங்களா.

வீட்டுக்குத் தெரியக்கூடாதுன்னு உங்க தாத்தாகிட்டயே சத்தியம் வாங்கிட்டுப் போவாங்களா.

போதும். நிறுத்து.

காப்பி ஆறிப்போச்சு பாரு உனக்கு. கொண்டா, சுட வச்சுத் தாரேன். வேண்டாமா. சரி.

குப்பின்னா ஆயிரம் குப்பி இருக்கு உலகத்துல. எண்ணெய்னா ஆயிரம் எண்ணெய். நீ சின்னப் பிள்ளை, உனக்கு என்ன தெரியும்? அமலோற்பவம் புருஷன் கண்ணால பாத்திருக்கான். வயசானவள்னு அவளே சொன்னா. வயசானவ, வாசல்ல நின்னாள்னு... அந்த வாசல்ல வேற ஆட்கள் நின்னாங்களான்னு நான் கேக்கல. அதை யார் கேப்பா?

ஜன்னலைப் பாரு. இன்னும் நிக்கானா?

கையில பை இருக்கா? நல்லாப் பாரு. இல்லையா. இருக்காது. இந்த வருஷம் கொண்டு வந்திருக்கமாட்டான்.

இந்தா பிள்ளே, இந்தப் பட்டை எடுத்துக்கோ. மடிப்பு கலையாம எடு. கோபமெல்லாம் ஒண்ணும் இல்ல, நல்ல சேலைதான். திருப்பிக் கொடுத்துரு. பூ வைக்க வேற யாரையாவது பாக்கச் சொல்லு. அவன் பொண்டாட்டி வழியில யாராவது இருப்பாங்க. நான் வந்து வைக்க முடியாது. ஏன்னு கேட்டா, அவனுக்குத் தெரியும்னு சொல்லு.

அந்த வெள்ளையைக் கொண்டு வரச் சொல்லு. புதுசு எடுக்க வேண்டாம், அதேதான். மண்ணு பட்டதுதான். யார்கிட்டயும் கொடுத்து விடக்கூடாது, அவனே கொண்டு வரணும். உள்ள வரணும்.

சத்தியத்தைப் பத்தி ஒண்ணும் கேக்கமாட்டேன்னு சொல்லு.

போ பிள்ளே, நிக்காத. அவன் வெயில்ல நிக்கான்.